ஆமிச் சம்பளம்: யாழ்ப்பாணம் போடாத கணக்கு

கோழி மேய்ச்சாலும் கோறணமேந்திலை மேய்க்க வேணும் என்று சொன்ன ஊர் இது. மலாயாவின் ரயில்வேயிலும் கந்தோர்களிலும் உழைத்துவிட்டு, பென்சனோடு வந்து கல்வீடு கட்டியவர்களின் பேரப்பிள்ளைகள் வாழும் குடாநாடு. மாப்பிள்ளைக்கு என்ன உத்தியோகம் என்று கேட்டவர்கள் அடுத்த மூச்சில் "பென்சன் இருக்கோ?" என்று கேட்கும் பழக்கம் இன்னும் போகவில்லை. அரசாங்கச் சம்பளத்தின் உள்ளும் புறமும் அறிந்த இந்தச் சனம், தன் வேலிக்கு அப்பால் முப்பது வருசத்துக்கு மேலாக நிற்கும் ஓர் அரச ஊழியனின் சம்பளத்தை மட்டும் ஒழுங்காக எண்ணிப் பார்த்ததில்லை.

தேநீர்க்கடையில் கேட்டால் இரண்டு விதமான பதில்தான் வரும். "அவங்களுக்கென்ன, சாப்பாடும் சும்மா, சம்பளமும் இலட்சத்திலை" என்பது ஒன்று. "பாவம், ஊரிலை வேலையில்லாத பெடியள், வயித்துப்பாட்டுக்கு வந்து நிக்குதுகள்" என்பது மற்றது. இரண்டிலும் கொஞ்சம் உண்மை உண்டு. கணக்கு இரண்டிலும் இல்லை. பலாலியில் பாதுகாப்புப் படைத் தலைமையகம் இருக்கும்வரை அந்தக் கணக்கு நமக்கும் உரியது. அந்தச் சம்பளப் பட்டியல் நம் சந்தையின் மரக்கறி விலையைத் தொட்டது. வன்னியின் முன்பள்ளிகளைத் தொட்டது. கடைசியில் ரஷ்யாவின் போர்முனையில் சிக்கிய நம் பெடியள்வரை நீண்டது.

சீட்டில் படிந்த பத்தாண்டு

இலங்கை அரச ஊழியர் ஒருவரின் சம்பளச் சீட்டை எடுத்துப் பாருங்கள். நம்மூரில் கிணறு வெட்டும்போது செம்மண்ணும் மக்கியும் சுண்ணாம்புக் கல்லும் அடுக்கடுக்காகத் தெரிவதுபோல, நாட்டின் நெருக்கடிகள் அதில் வரிவரியாகப் படிந்திருக்கும். 2019இல் மங்கள சமரவீரவின் பாதீடு 2,500 ரூபா இடைக்காலக் கொடுப்பனவைச் சேர்த்தது. 2022 ஜனவரியில் பசில் ராஜபக்ஷ 5,000 ரூபா விசேட கொடுப்பனவை அறிவித்தார்; அங்கவீனமுற்ற படையினரும் அந்த அறிவிப்பில் தனியாகக் குறிப்பிடப்பட்டிருந்தனர். அதே ஆண்டு செப்டெம்பரில் கொழும்பின் பணவீக்கம் 70 சதவீதத்தை எட்டியபோது அந்த ஐயாயிரம் எங்கே போனதென்று தெரியவில்லை. 2024இல் ரணில் விக்கிரமசிங்க வாழ்க்கைச் செலவுக் கொடுப்பனவை 7,800இலிருந்து 17,800 ரூபாவாக்கினார்.

இவற்றைக் கூட்டிப் பார்ப்போம். அரச சேவையின் ஆகக் கீழ்ப்படியில் நின்றவரின் அடிப்படைச் சம்பளம் 24,250 ரூபா. இரண்டு இடைக்காலத் தொகைகளும் சேர்ந்து 7,500. வாழ்க்கைச் செலவுக்கு 17,800. மொத்தம் 49,550. இதில் பாதிக்கும் குறைவானதே அடிப்படைச் சம்பளம். ஊரில் யாரும் கவனிக்காத இடம் இதுதான். ஓய்வூதியம் கணிக்கும்போது கையில் எடுக்கப்படுவது அடிப்படைச் சம்பளம். கொடுப்பனவு கூடினால் இந்த மாதம் கொஞ்சம் மூச்சு விடலாம்; இளைப்பாறும் நாளில் அதற்குப் பெறுமதி இல்லை. அரசாங்கங்கள் கொடுப்பனவைக் கூட்டுவதில் காட்டும் தாராளத்தை அடிப்படைச் சம்பளத்தில் காட்டாததன் காரணமும் இதுவே. இன்றைக்குக் கொடுத்துவிட்டு நாளைக்குக் கைகழுவக்கூடிய பணம் அது.

அதனால்தான் 2025 பெப்ரவரி 17ஆம் திகதி அநுர குமார திசாநாயக்க வாசித்த பாதீட்டை நான் வேறு விதமாகப் படித்தேன். குறைந்தபட்ச அடிப்படைச் சம்பளம் 24,250இலிருந்து 40,000 என்று தலைப்புச் செய்திகள் வந்தன. 15,750 ரூபா கூடிவிட்டது என்று பலர் மகிழ்ந்தார்கள். கைக்கு வருவது 8,250தான் என்று தெரிந்ததும் அதே ஆட்கள் திட்டினார்கள். நடந்தது என்ன? முன்பு தனி வரிகளாக நின்ற 7,500 ரூபா அடிப்படைச் சம்பளத்துக்குள் கரைக்கப்பட்டது. மீதி 8,250தான் புதுப் பணம். அதிலும் 5,000 ரூபாவும் எஞ்சிய 3,250இன் முப்பது சதவீதமும் 2025 ஏப்ரலிலிருந்து. மிகுதி 2026, 2027 ஜனவரிகளில் சமமாக. ஆக 2025 ஏப்ரலில் ஆகக் கீழ்ப்படியின் மொத்தச் சம்பளம் 55,525, 2027இல் 57,800. வருடாந்தச் சம்பள ஏற்றம் 250இலிருந்து 450 ரூபா. கைக்கு வரும் தொகையைப் பார்த்துத் திட்டியவர்களோடு எனக்குச் சண்டை இல்லை, விலைவாசி அப்படி. ஆனால் இருபது வருசம் வேலை செய்யப்போகிறவனுக்கு அந்தக் கரைக்கப்பட்ட 7,500 ரூபாதான் பெரிய செய்தி. தள்ளிவிடக்கூடிய பணம் தள்ள முடியாத பணமாகியது அங்கே.

இவை சிவில் அரச சேவையின் எண்கள். முப்படைக்குத் தனிச் சம்பளத் திட்டம் உண்டு. 2025இன் திருத்தம் அதற்கும் விகிதாசாரப்படி பொருந்தும் என்று பாதீட்டில் சொல்லப்பட்டது. அதன்மேல் பதவிநிலை, தொழிற்தேர்ச்சி, கடமைப் பிரதேசம், முகாமுக்கு வெளியே தங்கினால் உணவுக்கான பணம் என்று சேவைக்கே உரிய வரிகள் வரும். புதுச் சிப்பாய் ஒருவன் கையில் வாங்குவது இந்த அடிமட்டத்துக்குக் கொஞ்சம் மேலே என்று எடுத்துக்கொண்டால் பெரிதாகப் பிழைக்காது. "இலட்சத்திலை" என்ற தேநீர்க்கடைக் கணக்கு இந்த இடத்தில் விழுகிறது.

சீட்டில் இல்லாத வரிகள்

ஆனால் தேநீர்க்கடைக்காரர் முழுக்கப் பிழை சொல்லவில்லை. ஒரு வங்கி எழுதுநரின் சம்பளத்தையும் ஒரு சிப்பாயின் சம்பளத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிடுவது பொருந்தாது. எழுதுநர் வாடகை கட்டவேண்டும், சமைக்கவேண்டும், சட்டை தைக்கவேண்டும். சிப்பாய்க்குத் தங்குமிடம், மூன்று வேளைச் சாப்பாடு, சீருடை, வைத்தியம், விடுமுறையில் வீட்டுக்குப் போகப் பயண வாரண்ட் எல்லாம் திறைசேரியின் செலவு. ஒரு கிலோ நாட்டரிசியின் கட்டுப்பாட்டு விலை 230 ரூபா என்று அரசாங்கமே வர்த்தமானியில் எழுதிய காலத்தில், மூன்று வேளைச் சோறு சின்ன விசயமில்லை.

இதை எப்படிக் கணக்கிடுவதென்று அமெரிக்கர்கள் ஒரு வழி வைத்திருக்கிறார்கள். அடிப்படைச் சம்பளம், வீட்டுக்கான கொடுப்பனவு, உணவுக்கான கொடுப்பனவு, இந்த இரண்டுக்கும் வரி கட்டத் தேவையில்லாததால் மிச்சமாகும் தொகை, எல்லாவற்றையும் கூட்டி வரும் எண்ணையே ஒரு படைவீரனின் வழமையான ஊதியம் என்று அங்கே சொல்வார்கள். வீட்டுக் கொடுப்பனவு, ஆள் எந்த ஊரில் நிற்கிறான், குடும்பம் உண்டா இல்லையா என்பதைப் பொறுத்து மாறும். சிவில் வேலையோடு ஒப்பிட வேண்டுமானால் இந்த மொத்தத்தோடுதான் ஒப்பிட வேண்டும். இந்தியாவில் வேறு விதம். அங்கே அகவிலைப்படி அடிப்படைச் சம்பளத்தின் விகிதமாக நிற்கும், வருடத்துக்கு இரண்டு தடவை விலைவாசியைப் பார்த்துத் திருத்துவார்கள். அதோடு, சிவிலியனுக்கு இல்லாத இடர்களுக்காக இராணுவச் சேவை ஊதியம் என்று தனி வரி: சிப்பாய்க்கும் இளநிலை ஆணைபெற்ற அதிகாரிக்கும் (JCO) மாதம் 5,200 இந்திய ரூபாய், அதிகாரிக்கு 15,500. சியாச்சின் பனிமலையில் நின்றால் சிப்பாய்க்கு மேலும் 30,000, அதிகாரிக்கு 42,500. இலங்கையின் வாழ்க்கைச் செலவுக் கொடுப்பனவோ விகிதம் கிடையாத ஒரே தொகை. ஜெனரலுக்கும் சிப்பாய்க்கும் ஒன்றே. கேட்க நீதியாக இருக்கிறது. விலைவாசி ஏறும்போது அடுத்த பாதீடுவரை அது அசையாது என்பதுதான் குறை.

இனி மேலேயிருந்து கீழே ஒரு கணக்கு. 2025இல் பாதுகாப்பு அமைச்சுக்கு ஒதுக்கப்பட்டது ஏறத்தாழ 442 பில்லியன் ரூபா. படையினர் இரண்டரை இலட்சம் பேர் என்று வைத்துக்கொண்டு வகுத்தால் ஆளுக்கு ஆண்டுக்குப் பதினேழரை இலட்சத்துக்கு மேல், மாதத்துக்கு ஏறத்தாழ ஒரு இலட்சத்து நாற்பத்தேழாயிரம். இது முரட்டுக் கணக்கு. கப்பல், விமானம், எரிபொருள் எல்லாம் இதற்குள் கிடக்கின்றன. ஆனாலும் சிப்பாயின் கைக்கு வருவதற்கும் நாடு அவனுக்காகச் செலவழிப்பதற்கும் நடுவில் எவ்வளவு தூரம் என்பது தெரியும். அவன் ஏழையாகவும் அவனை வைத்திருப்பது விலையுயர்ந்ததாகவும் ஒரே நேரத்தில் இருக்க முடியும். ஊரில் சொல்லப்படும் இரண்டு பதில்களும் உண்மையாவது இப்படித்தான். ஓய்வூதியம் இந்த 442க்குள் வராது. அதற்கு வேறு திணைக்களம், வேறு கணக்கு.

ஐ.நா. அமைதிப்படைக்கு ஆள் அனுப்பினால் கணக்கு வேறு திசையில் ஓடும். 2018 ஜூலையிலிருந்து ஐ.நா. ஒரு படையினருக்கு மாதம் 1,428 டொலர் வீதம் அனுப்பும் நாட்டுக்குக் கொடுத்தது. அன்றைய மாற்று விகிதத்தில் இரண்டேகால் இலட்சம் ரூபாவுக்கு மேல். பணம் போவது அரசாங்கத்துக்கு. சிப்பாய்க்கு எவ்வளவு என்பதை அரசாங்கம் தீர்மானிக்கும். இருந்தாலும் ஊரில் வீடு கட்ட ஒரு வழி என்றுதான் படையினர் அந்த வாய்ப்பைப் பார்த்தார்கள். 2019 ஓகஸ்டில் சவேந்திர சில்வா இராணுவத் தளபதியானார். அடுத்த மாதமே ஐ.நா. இலங்கை இராணுவத்தின் புதிய அணிகளை எடுப்பதை நிறுத்துவதாகச் சொன்னது. முள்ளிவாய்க்காலைப் பற்றி அவர்மீதிருந்த குற்றச்சாட்டு, ஜெனிவாத் தீர்மானங்களால் ஆகாத ஒன்றாக, சம்பளச் சீட்டை வந்து தொட்ட இடம் இது.

கத்தரிக்காய் விலையில் கூலி எங்கே?

1990 ஜூனில் வலிகாமம் வடக்குச் சனம் வீடுகளை விட்டு எழும்பியது. 2013 ஏப்ரலில் அந்தப் பகுதியின் 6,381 ஏக்கர் காணியைச் சுவீகரிப்பதாக அறிவித்தல் ஒட்டப்பட்டது. இரண்டாயிரத்துக்கு மேற்பட்ட உரிமையாளர்கள் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குப் போனார்கள். 2015க்குப் பின் துண்டு துண்டாக விடுவிப்பு நடந்தது; 2017இல் மயிலிட்டித் துறைமுகம்; 2025 ஏப்ரலில் பலாலி வீதியின் மூடிக் கிடந்த பகுதி, பகலில் மட்டும். இந்த வரலாற்றை வாசகர்கள் என்னைவிட நன்றாக அறிவார்கள். அதில் சம்பளக் கணக்கு எங்கே நுழைந்தது என்பதை மட்டும் சொல்கிறேன்.

போர் முடிந்த பின் அந்தச் செம்மண்ணில் படையினர் தோட்டம் செய்தார்கள், விளைந்ததை வெளியே விற்றார்கள். காங்கேசன்துறையில் தல்செவன விடுதியை நடத்தினார்கள், ஏ9 வீதியோரம் தேநீர்க்கடை போட்டார்கள். 2012 மார்ச்சிலேயே சர்வதேச நெருக்கடிக் குழு தன் அறிக்கையில் இவற்றை எழுதியது. மலிவு விலை என்று வாங்கிய நம்மவர்களும் உண்டு, அதை மறைக்கத் தேவையில்லை.

ஒரு கிலோ கத்தரிக்காயின் விலைக்குள் கமக்காரன் எவற்றைச் சேர்க்கிறான்? நாற்று, பசளை, கிருமிநாசினி, தண்ணீர் இறைக்கும் மண்ணெண்ணெய் அல்லது மின்சாரம், கூலி. காணி குத்தகையென்றால் அதுவும். இதில் பெரியது கூலி. ஆமித் தோட்டத்தில் கூலியைத் திறைசேரி ஏற்கெனவே கட்டிவிட்டது, சிப்பாய் மண்வெட்டி பிடித்தாலும் துவக்குப் பிடித்தாலும் மாதச் சம்பளம் ஒன்றுதான். குத்தகை கிடையாது, காணிக்காரர் மல்லாகம் கோணப்புலத்திலோ சுன்னாகம் சபாபதிப்பிள்ளை முகாமிலோ தகரக் கொட்டிலில் இருந்தார். அப்படிப்பட்ட கத்தரிக்காயோடு புன்னாலைக்கட்டுவன் கமக்காரன் எந்த விலையில் போட்டி போடுவது? சந்தைக்கு வந்த மலிவு மரக்கறியின் மீதி விலையை வரியாக நாடு கட்டியது, வாடகையாகக் காணிக்காரர் கட்டினார். அதை ஆமியின் நல்லெண்ணம் என்று எழுதிய பத்திரிகைகளும் இருந்தன.

முப்பதாயிரமும் ஆறாயிரமும்

ஆனையிறவைத் தாண்டினால் கதை இன்னும் சிக்கலாகும். 2006இல் உருவான சிவில் பாதுகாப்புத் திணைக்களம், நம் வாயில் சிஎஸ்டி, பாதுகாப்பு அமைச்சுக்குக் கீழ் வருவது. போருக்குப் பின் அது கிளிநொச்சியிலும் முல்லைத்தீவிலும் பண்ணைகளையும் முன்பள்ளிகளையும் எடுத்து, ஆயிரக்கணக்கான தமிழரை வேலைக்குச் சேர்த்தது. புனர்வாழ்வு முடித்து வந்த முன்னாள் போராளிகளும் போரில் கணவரை இழந்தவர்களும் அவர்களில் அதிகம். வெளியே யாரும் வேலை கொடுக்கப் பயந்த ஆட்களுக்கு மாதாமாதம் வங்கியில் பணம் விழுந்தது.

சிஎஸ்டி முன்பள்ளி ஆசிரியைக்கு ஏறத்தாழ 30,000 ரூபா. அதே ஊரில், அதே வயதுப் பிள்ளைகளுக்கு, அதே பாட்டைச் சொல்லிக்கொடுத்த மாகாண நிர்வாகத்தின் கீழான ஆசிரியைக்கு ஆறாயிரம் ரூபா அளவில் ஊக்கத்தொகை. ஐந்து மடங்கு. யாழ்ப்பாணத்தில் இயங்கும் அடையாளம் கொள்கை ஆய்வு மையம் 2017 செப்டெம்பரில் சிஎஸ்டி பற்றி வெளியிட்ட அறிக்கை, இது வன்னியை ஆழமாக இராணுவமயமாக்கும் வழி என்று சொன்னது. அது சொன்னதில் பிழையில்லை. சம்பளச் சீட்டின் மேல் பாதுகாப்பு அமைச்சு இருக்கும்போது, ஆசிரியை எந்தக் கூட்டத்துக்குப் போகலாம், எந்த நினைவுநாளில் விளக்கேற்றலாம் என்பதெல்லாம் சம்பளத்தின் நிபந்தனைகளாகிவிடும். ஆறாயிரத்துக்கு மேலே வந்த இருபத்துநாலாயிரத்தில் எவ்வளவு உழைப்புக்கு, எவ்வளவு மௌனத்துக்கு என்று பிரித்து எழுத எந்தச் சீட்டிலும் இடமில்லை.

2018 ஜூனில் விசுவமடுவில் கேணல் ரத்னப்பிரிய பந்து மாற்றலாகிப் போனபோது, சிஎஸ்டியில் வேலை செய்த தமிழர் அவருக்கு மாலை போட்டு, தோளில் தூக்கி, அழுது அனுப்பிவைத்தார்கள். படங்கள் நாடெங்கும் பரவின. தெற்கில் அதை நல்லிணக்கத்தின் வெற்றி என்றார்கள். யாழ்ப்பாணத்தில் பலர் தலையைக் குனிந்தார்கள், சிலர் அந்தச் சனத்தைத் துரோகிகள் என்று எழுதினார்கள். அப்படி எழுதிய கைகளில் எத்தனைக்கு மாதம் ஆறாயிரத்தில் வீடு நடத்திய அனுபவம் இருந்திருக்கும்? அந்த அதிகாரி நல்ல மனிதராகவே இருந்திருக்கலாம், அழுதவர்களின் அழுகையும் உண்மையாகவே இருந்திருக்கும். வெட்கப்பட வேண்டியவர்கள் வேறு. 2013இல் வடக்கு மாகாண சபை வந்தது. ஐந்தாண்டு தீர்மானங்கள் நிறைவேறின. முன்பள்ளி ஆசிரியையின் ஆறாயிரத்தைப் பன்னிரண்டாயிரமாக்க மாகாணத்துக்கு நிதி அதிகாரம் போதவில்லை என்பது ஓரளவு உண்மை. அதற்காக எவ்வளவு சண்டை பிடித்தார்கள் என்பது வேறு கேள்வி.

இதே எண் வேறொரு இடத்திலும் வந்தது. 2012 நவம்பரில் கிளிநொச்சியில் 103 தமிழ்ப் பெண்கள் இராணுவத்தில் சேர்க்கப்பட்டபோதும் மாதம் 30,000 ரூபா அளவு என்றுதான் பேச்சு. கந்தோர் வேலை, கணினி வேலை என்று சொல்லித்தான் பிள்ளைகளை அனுப்பினோம் என்று பெற்றோர் சிலர் பின்னர் சொன்னார்கள். அடுத்த மாதம் அவர்களில் சிலர் கிளிநொச்சி வைத்தியசாலையில் அனுமதிக்கப்பட்டது பெரிய சர்ச்சையாகியது. வறுமைப்பட்ட வீட்டில் முப்பதாயிரம் என்ற ஒற்றை எண்ணைச் சொன்னால் மற்றக் கேள்விகள் எழாது என்பதை ஆட்சேர்ப்பவர்கள் எங்கும் அறிவார்கள்.

இறந்தால், கால் போனால்

படைச் சம்பளத்தின் பாரமான பகுதி கடைசியில் வரும். இலங்கை இராணுவத்தில் சிப்பாய் 22 வருடம் முடித்தால் ஓய்வூதியம், அதிகாரிக்கு 20. சண்டையில் செத்தால், அவன் உயிரோடிருந்தால் 55 வயதாகும் நாள்வரை முழுச் சம்பளமும் குடும்பத்துக்குப் போகும். அதற்குப் பின் ஓய்வூதியம். படையினரின் விதவைகளுக்கும் அநாதைப் பிள்ளைகளுக்கும் சட்டமே ஓய்வூதியம் வகுத்தது. கையில் வரும் ஐம்பதாயிரத்தைவிட, தெற்கின் ஒரு விவசாயக் கிராமத்தில் மகனைப் படைக்கு அனுப்பும் வீடு எடைபோடுவது இதையே.

அங்கேயும் ஓட்டை இருந்தது. 12 வருடம் முடியுமுன் காயப்பட்டு விலக்கப்பட்டவர்களுக்கு அன்று ஓய்வூதியம் கிடைக்கவில்லை. காலை இழந்தவன் பதினோராவது வருடத்தில் இழந்தானா பதின்மூன்றாவதிலா என்பதைப் பொறுத்து அவன் மீதி வாழ்க்கை. 2017இலும் அதன் பின்னும் கொழும்புக் கோட்டையில் ஜனாதிபதி செயலகத்துக்கு முன்னால் ஊன்றுகோலோடு குந்தியிருந்து போராடியவர்கள் அவர்கள்தான். போர் வீரர் என்று பதாகை கட்டிய அரசாங்கங்கள் அவர்களை வீதியில் காக்க வைத்தன.

இந்தப் பக்கம் சம்பளப் பட்டியலே இல்லாத ஒரு படை இருந்தது. பன்னிரண்டாயிரம் பேர் அளவில் புனர்வாழ்வு முடித்து வெளியே வந்தபோது, அங்கவீனத்துக்கோ சேவைக் காலத்துக்கோ காட்ட ஒரு துண்டுக் கடதாசியும் அவர்களிடம் கிடையாது. காணாமல் ஆக்கப்பட்டோரின் குடும்பங்களுக்கு 2019 பாதீட்டில் மாதம் 6,000 ரூபா இடைக்கால நிவாரணம் என்றார்கள். 2022 மார்ச்சில் ஒரே தடவையாக ஒரு இலட்சம் என்றார்கள். தாய்மார் அதை வேண்டாமென்றார்கள். ஒரு பக்கத்தில் 55 வயதுவரை மாதச் சம்பளம், மறுபக்கத்தில் ஒரு இலட்சத்தோடு கணக்கை மூடு. இந்த நாடு உயிருக்கு என்ன விலை வைத்தது என்பதை அறிய வேறு ஆவணம் தேடத் தேவையில்லை.

குடாநாட்டு மண்ணில் விழுந்த இன்னொரு நாட்டின் படைக்கும் ஒரு கணக்கு உண்டு. 1987 நவம்பர் 25ஆம் திகதி கந்தரோடைப் பக்கம் நடந்த சண்டையில் இறந்த இந்திய அமைதிப்படை மேஜர் ராமசாமி பரமேஸ்வரனுக்கு பரம் வீர் சக்ரா கிடைத்தது. அந்த விருதுக்குரிய மாதாந்தத் தொகையை 2017 ஓகஸ்டில் இந்தியா பத்தாயிரத்திலிருந்து இருபதாயிரம் ரூபாயாக்கியது. அதே இந்தியா 2022 ஜூனில் அக்னிபத் திட்டத்தைக் கொண்டுவந்து, சேரும் பெடியனுக்கு நான்கு வருடம், முதலாண்டு மாதம் 30,000, முடிவில் பதினொன்றே முக்கால் இலட்சம் அளவில் ஒரு தொகை, பென்சன் இல்லை என்றது. நான்கில் ஒரு பங்கினர் மட்டுமே நிரந்தரமாவர். பிகாரில் ரயில் பெட்டிகள் எரிந்தது கைக்கு வரும் சம்பளம் குறைந்ததால் இல்லை. பென்சன் போனதால்.

ரஷ்யாவுக்குப் போன கணக்கு

பென்சன் உள்ள இலங்கைச் சிப்பாயும் 2022க்குப் பின் தடுமாறினான். ரூபா விழுந்தது, வீட்டுக் கடன் ஏறியது. 2024 ஏப்ரல் 20 முதல் ஒரு மாதம் தப்பியோடியோருக்குப் பொதுமன்னிப்பு அறிவித்தபோது ஆயிரக்கணக்கானோர் வந்து முறைப்படி விலகிக்கொண்டார்கள். அதே காலத்தில் ஓய்வுபெற்ற படையினரை மாதம் ஆயிரக்கணக்கான டொலர் என்று சொல்லி ரஷ்யாவுக்குக் கொண்டுபோகும் கும்பல்கள் நாடெங்கும் இயங்கின. முன்னரங்குக்குப் போகத் தேவையில்லை, பின்தள வேலை என்று சொல்லப்பட்டது. ஒப்பந்தம் ரஷ்ய மொழியில்.

நம்மவர்கள் சம்பளத்துக்காகப் போனவர்கள்கூட இல்லை. பிரான்ஸ் போக ரஷ்யா வழி என்று முகவர்களை நம்பிப் புறப்பட்ட யாழ்ப்பாண இளைஞர் சிலர், துவக்கு கொடுக்கப்பட்டு முன்னரங்குக்கு அனுப்பப்பட்டதாக 2024இன் கடைசியில் குடும்பங்கள் முறையிட்டன. 2025 பெப்ரவரியில் வெளிவிவகார அமைச்சர் விஜித ஹேரத் நாடாளுமன்றத்தில் சொன்ன எண்: ரஷ்யப் படையில் சேர்க்கப்பட்ட இலங்கையர் 554 பேர், இறந்தவர்கள் 59 பேர். மாதச் சம்பளம் எவ்வளவு என்று சொன்ன முகவர்கள், செத்தால் யாருக்கு எவ்வளவு, உடல் யார் செலவில் வரும் என்று சொன்னதில்லை. படைச் சம்பளத்தில் முதலில் கேட்க வேண்டிய கேள்விகள் அவைதான்.

2030இன் பத்தி

உலக வங்கிக் கணக்கில் 2017 முதல் 2019 வரை இலங்கையின் ஆயுதம் தாங்கியோர் 317,000 பேர். 2023 ஜனவரியில் பாதுகாப்பு இராஜாங்க அமைச்சர் பிரமித்த பண்டார தென்னக்கோன், 200,783ஆக இருந்த இராணுவத்தின் அனுமதிக்கப்பட்ட ஆளணி 2024இல் 135,000 ஆகவும் 2030இல் ஒரு இலட்சமாகவும் குறையும் என்றார். இப்போதைய அரசாங்கத்தின் இலக்கும் அதே ஒரு இலட்சம். கடற்படை 40,000, விமானப்படை 18,000.

ஆள் குறைந்தால் செலவு உடனே குறையும் என்று நினைப்பவர்கள் இரண்டு பத்திகளையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 22 வருடம் முடித்து வெளியேறும் சிப்பாய் பாதுகாப்பு அமைச்சின் பத்தியிலிருந்து ஓய்வூதியத் திணைக்களத்தின் பத்திக்கு நகர்கிறான். 2025இல் அடிப்படைச் சம்பளம் கூட்டப்பட்டதால் அவனுடைய ஓய்வூதியமும் முன்னவனைவிட அதிகம். 2020க்கு முன் இளைப்பாறியவர்களின் ஓய்வூதியத் திருத்தமும் 2025 ஜூலையிலிருந்து மூன்று கட்டமாக வருகிறது. இன்றைக்கு நாற்பது வயதில் இளைப்பாறுபவனுக்கு இன்னும் முப்பது நாற்பது வருடம் மாதம் தவறாமல் பணம் போகும். போர் முடிந்து பதினாறு வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. அதன் சம்பளக் கணக்கு இந்த நூற்றாண்டின் நடுப்பகுதிவரை முடியப்போவதில்லை.

குடாநாட்டுக்கு உடனே இலாபம் வரக்கூடியது சீட்டில் இல்லாத வரிகளில்தான். ஒரு முகாம் மூடப்பட்டால் அங்கிருந்த சிப்பாயின் சம்பளம் குருநாகலுக்கோ அநுராதபுரத்துக்கோ அவனோடு போய்விடும். அந்தப் பணத்தில் பெரும்பகுதி என்றைக்கும் இங்கே செலவானதில்லை. காணியும் கிணறும் துறையும் இங்கேயே நிற்கும். 2030க்கான எண்களைக் கொழும்பில் பேசும்போது, ஒரு இலட்சம் பேர் என்பதோடு, வலிகாமம் வடக்கில் எத்தனை ஏக்கர் என்பதையும் அதே அட்டவணையில் எழுதச் சொல்லி நம் பாராளுமன்ற உறுப்பினர்கள் கேட்கலாம். வழமையாக நவம்பரிலோ டிசம்பரிலோ பாதுகாப்பு அமைச்சின் செலவினத் தலைப்பு குழுநிலை விவாதத்துக்கு வருகிறது. பேச நேரமும் ஒதுக்குகிறார்கள்.